கச்சான் காத்திருக்கும், கொழுந்து காத்திருக்காது

கேள்வி: விசுவமடுப் பக்கம் இருக்கிறோம். அப்பா 1977 கலவரத்துக்குப் பிறகு மலையகத்திலிருந்து வந்து இங்கே காடு வெட்டிக் குடியேறியவர். எங்கள் பகுதியில் 34 குடும்பங்கள் மேட்டுக்காணியில் கச்சான் (நிலக்கடலை) போடுகிறோம். விதைக்கு முற்பணம் தருகிற வியாபாரிக்கே அறுவடையைக் கொடுக்கிறோம். அவர் 40 கிலோ மூடைக்குச் சாக்கு, ஈரம், கழிவு என்று 3 கிலோ கழிக்கிறார். விலையும் அவர் சொல்வதுதான். தெனியாயவில் என் மாமாவுக்கு அரை ஏக்கர் தேயிலை இருக்கிறது. அங்கே சிறு தேயிலைக்காரருக்குச் சங்கம் இருப்பதாகவும், தொழிற்சாலை கணக்குச் சொல்லித்தான் ஆகவேண்டும் என்றும் சொல்கிறார். இங்கே கமக்கார (விவசாயிகள்) அமைப்பில் வயல்காரரின் பேச்சுத்தான் எடுபடும். எனக்கு வயல் இல்லை. மேட்டுக்காணியின் அனுமதிப்பத்திரமும் அம்மாவின் பேரில்தான். முன்பு இருந்த ஒரு சங்கத்தில் காசு போனதால் எல்லாரும் பயப்படுகிறார்கள். நாங்கள் சங்கம் தொடங்கலாமா? எங்கே பதிய வேண்டும்? மாமாவைக் கூப்பிட்டுப் பேச வைக்கலாமா?

பதில் தருபவர்: ஓய்வுபெற்ற கூட்டுறவு அபிவிருத்தி உத்தியோகத்தர்.

அன்புள்ள தங்கச்சிக்கு,

உங்கள் கடிதத்தை வாசித்ததும் நான் முதலில் ஒரு கணக்குப் போட்டுப் பார்த்தேன். மூடைக்கு 3 கிலோ என்றால் நூறு மூடைக்கு 300 கிலோ. அதாவது விலை பேச வாய் திறப்பதற்கு முன்னமே ஏழரை மூடை போய்விடுகிறது. 34 குடும்பமும் ஆளுக்குப் பத்து மூடை கொடுக்கிறீர்கள் என்று வையுங்கள். 1,020 கிலோ, ஒரு தொன்னுக்கு மேல். ஒரு வீட்டில் 30 கிலோ போனால் மனம் கொஞ்சம் நொந்துவிட்டு விட்டுவிடுவோம். ஒரு தொன் கச்சானை ஒரே இடத்தில் குவித்துப் பார்த்தால் அப்படி விட மனம் வருமா? இந்தக் கணக்கை உங்கள் சனத்துக்கு முதலில் சொல்லுங்கள். சங்கம் என்ற சொல்லே அதற்குப் பிறகு வரட்டும்.

ஆனால் வியாபாரி பக்கத்து நியாயத்தையும் பார்க்க வேண்டும். சணல் சாக்கு ஒரு கிலோ அளவுக்கு நிற்கும், உண்மைதான். இப்போது நீங்கள் பெரும்பாலும் கட்டுவது உரப்பையில். அது கால் கிலோகூட வராது. ஈரமும் உண்மை. பிடுங்கி இரண்டு நாள்கூடக் காயாத கச்சானை வாங்கினால் அவருடைய கடையில் எடை குறையும், பூஞ்சணமும் பிடிக்கும். அப்படிப் பிடித்தால் அஃப்ளாடாக்சின் என்ற நஞ்சு ஊறும். அந்தக் கச்சானை மாட்டுக்குக்கூடக் கொடுக்கக் கூடாது. ஆக, கழிவு கேட்பது பிழையில்லை. காய்ந்ததற்கும் காயாததற்கும் ஒரே கழிவு என்பதும், அதை அளப்பவரும் விலை சொல்பவரும் காசு கொடுப்பவரும் ஒரே ஆள் என்பதும்தான் பிழை.

இனி உங்கள் மாமாவின் தேயிலைக்கு வருகிறேன். இருநூறு வருடம் மலையில் உழைத்த எங்கள் சனத்தில் பெரும்பாலானோருக்கு ஒரு தேயிலைச் செடிகூடச் சொந்தமாக இல்லை. அவருக்கு அரை ஏக்கர் இருப்பதே எனக்குச் சந்தோசம். பத்து ஏக்கருக்குக் குறைந்த தேயிலைக் காணியைச் சிறுபற்று நிலம் என்கிறார்கள். காலி, மாத்தறை, இரத்தினபுரிப் பக்கங்களில்தான் இவை அதிகம். நாடு முழுவதும் ஏறக்குறைய 4 இலட்சம் பேர் இப்படி இருக்கிறார்கள். இலங்கைத் தேயிலையில் 70 வீதத்துக்கு மேல் இவர்களுடைய கொழுந்திலிருந்து வருகிறது. பெரிய பங்களாவும் பெரிய தோட்டமும்தான் தேயிலை என்று நினைத்துக்கொண்டிருக்கிறோம். உண்மையில் அது அரை ஏக்கர்க்காரரின் பயிராக மாறி வெகுநாளாகிவிட்டது. 1975ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் இவர்களுக்கென்று தேயிலைச் சிறுபற்று நில அபிவிருத்தி அதிகாரசபை உருவானது. அதில் பதிந்த கிராமச் சங்கங்கள் இருக்கின்றன, அவை சேர்ந்த கூட்டமைப்புகளும் இருக்கின்றன.

மாமா சொன்ன கணக்கு இதுதான். தொழிற்சாலை கொழுந்தைத் தூளாக்கிக் கொழும்பு ஏலத்தில் விற்கிறது. அந்த மாதச் சராசரி விலையில் 68 வீதம் கொழுந்து கொடுத்தவருக்கு, 32 வீதம் தொழிற்சாலைக்கு. இந்தப் பங்கீடு தேயிலைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தின் கீழ் வருவது. உதாரணத்துக்கு, ஒரு தொழிற்சாலையின் தூள் கிலோ 1,000 ரூபாய்க்குப் போனால் கொழுந்துக்காரருக்கு 680. ஒரு கிலோ தூளுக்குச் சுமார் 4.6 கிலோ கொழுந்து வேண்டும். வகுத்தால் கொழுந்து கிலோவுக்குச் சுமார் 148 ரூபாய். மாமா ஐந்தாம் வகுப்புத்தான் படித்திருந்தாலும் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்க்கலாம். குறைந்தால் "ஏன்" என்று கேட்கலாம். விலை எப்படி வருகிறது என்று விற்பவனுக்குத் தெரிந்திருப்பது எவ்வளவு பெரிய விடயம் என்று கச்சான் போடுகிற உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை.

அதற்காக அங்கே எல்லாம் நேராகிவிட்டது என்று நினைக்க வேண்டாம். கொழுந்தைத் தொழிற்சாலை வரை கொண்டுபோகிறவர் தண்ணீருக்கென்றும் முற்றல் இலைக்கென்றும் கிலோ கழிப்பார். உங்களுடைய சாக்குக் கழிவுக்கு அது அண்ணன் தம்பி. சட்டத்தில் 68 என்று எழுதியிருந்தாலும் தராசில் 10 கிலோ குறைந்தால் அந்த 68 எதன் 68? அதனால்தான் சட்டம் இருந்தும் சங்கம் தேவைப்படுகிறது.

தேயிலைக்காரருக்கு இன்னொரு பெரிய கஷ்டம் உண்டு. காலையில் கிள்ளிய கொழுந்து அன்றைக்கே தொழிற்சாலைக்குப் போக வேண்டும். சாக்கில் அடைந்து சூடேறினால் சிவந்துபோகும். "இன்றைக்கு விலை சரியில்லை, நாளைக்கு விற்கிறேன்" என்று மாமாவால் சொல்ல முடியாது. நம்முடைய ஊர்களில் கள்ளும் அப்படித்தான். காலையில் இறக்கியது மாலையில் புளித்துவிடும். வடக்கில் சீவல் தொழிலாளர்கள் பனை தென்னை வளக் கூட்டுறவுச் சங்கம் வைத்து, தாங்களே தவறணை என்ற கள்ளுக்கடையை நடத்தியதற்குக் காரணம் அதுதான். காத்திருக்க முடியாத பொருளை வைத்திருப்பவனுக்கு விற்கிற இடம் தன் கையில் இருக்க வேண்டும், அல்லது விலைக்கு ஒரு சட்டம் இருக்க வேண்டும்.

உங்களிடம் இருப்பதோ காத்திருக்கக்கூடிய பொருள். நன்றாகக் காய்ந்து, கிலுக்கினால் உள்ளே பருப்பு ஆடிச் சத்தம் கேட்கிற கச்சானைக் கோதோடு வைத்தால் மாதக்கணக்கில் இருக்கும். மாமாவுக்குக் கிடைக்காத பலம் இது. அப்படியிருந்தும் பிடுங்கிய மூன்றாம் நாளே ஏன் கொடுத்துவிடுகிறீர்கள்? காரணம் உங்கள் கடிதத்திலேயே இருக்கிறது. விதைக்கு முற்பணம். கச்சான் காத்திருக்கும், கடன் காத்திருக்காது. நுண்நிதிக் கம்பெனிக்காரர் வாரம் தவறாமல் வாசலுக்கு வந்த காலத்தை வன்னியில் மறந்த பெண் இருக்கமாட்டாள். அதோடு பார்த்தால் வியாபாரியின் முற்பணம் மென்மையானது. ஆனால் உங்கள் தராசு, விலை, விற்கிற நாள் மூன்றையும் அது முன்கூட்டியே வாங்கிவிடுகிறது.

அதனால் நான் சொல்வது இதுதான்: முதல் வருடம் காசு சேர்க்காதீர்கள். விதை சேருங்கள்.

அறுவடை முடிந்ததும் ஒவ்வொரு வீடும் அடுத்த போகத்துக்குத் தனக்கு வேண்டிய விதையை, நல்ல காய்ச்சலோடு, பொது இடத்தில் வைக்கட்டும். அதற்கு மேல் பத்தில் ஒரு பங்கு கூடுதலாக. கூடுதல் பங்கு பொதுச் சொத்து. வெள்ளத்தில் பயிர் அழிந்த வீட்டுக்கும், பன்றி கிண்டிப்போட்ட வீட்டுக்கும் அதிலிருந்து கொடுத்து அடுத்த போகத்தில் திருப்பி எடுக்கலாம். எல்லா வீடும் முதல் வருடமே முழு விதையை வைக்க முடியாது. பாதி வைக்கட்டும், கால் வைக்கட்டும். எவ்வளவு வைக்கிறார்களோ அவ்வளவுக்கு அடுத்த வருடம் முற்பணம் குறையும்.

காசு போன சங்கத்தைப் பற்றி எழுதியிருந்தீர்கள். அந்தப் பயத்துக்கும் இதுதான் மருந்து. காசு ஒரு ஆளின் பையில் கண்ணுக்குத் தெரியாமல் குறையும். விதை மூடை அப்படிக் குறையாது. யார் வேண்டுமானாலும் போய் எண்ணலாம். ஒவ்வொரு பையிலும் வீட்டுக்காரரின் பெயரையும் எடையையும் எழுதித் தைத்துவிடுங்கள். அறைக்கு இரண்டு பூட்டு, இரண்டு திறப்பும் இரண்டு வீட்டில்.

களஞ்சியம் என்றதும் கட்டிடம் கேட்டு மனு எழுதத் தொடங்காதீர்கள். மழை ஒழுகாத ஒரு அறை போதும். மூடைகள் தரையில் படக்கூடாது, சுவரில் சாயக்கூடாது. பலகை அடுக்கி அதன்மேல் வையுங்கள். கோதை உடைக்க வேண்டாம். விதைக்கும் நாள் வரை அப்படியே இருக்கட்டும். மாதம் ஒருமுறை வெளியே எடுத்து, படங்கில் பரவி, வண்டு இருக்கிறதா என்று பார்த்து, மறுபடி காய வைத்துக் கட்டுங்கள். மாரி மழைக்கு விதைக்கிற காலபோகக் கச்சான் மாசியில் களஞ்சியத்துக்குப் போனால் ஐப்பசி வரை கிடக்கும். அது நீண்ட காலம். கிணற்று நீரில் கோடைச் சிறுபோகத்துக்கும் போடுகிற வீடுகள் இருந்தால் அந்தப் புது விதையைக் காலபோகத்துக்கு மாற்றிக்கொள்வது இன்னும் நல்லது. விதைக்க இரண்டு கிழமைக்கு முன், நூறு பருப்பை எடுத்து ஈரச் சாக்கில் சுற்றி வையுங்கள். ஒரு கிழமையில் எண்பது முளைத்தால் பயமில்லை. ஐம்பதுதான் முளைத்தால் அந்த மூடையை விதைக்காமல் விற்றுவிடுங்கள்.

வியாபாரியோடு இந்த வருடம் சண்டை வேண்டாம். வங்கி உங்களைத் திரும்பிப் பார்க்காத நாளில் விதை தந்தவர் அவர். அவரிடம் இரண்டே இரண்டைக் கேளுங்கள். ஒன்று, முத்திரை குத்திய தராசு. வியாபாரத்துக்குப் பாவிக்கிற தராசை அளவீட்டு அலகுகள் நியமங்கள் சேவைகள் திணைக்களத்தின் பரிசோதகர் வருடாவருடம் சோதித்து முத்திரை இட வேண்டும் என்பது சட்டம். மாவட்டச் செயலகத்தில் விசாரித்தால் அவரைப் பிடிக்கலாம். இரண்டு, சிட்டை. எத்தனை மூடை, மொத்த எடை, கழிவு எதற்கு எவ்வளவு, கிலோ விலை. இதை எழுதிக் கையொப்பம் வைத்துத் தரச் சொல்லுங்கள். ஒரு ஆள் தனியாகக் கேட்டால் "நம்பிக்கை இல்லையென்றால் வேறு ஆளிடம் கொடு" என்பார். 34 பேரும் ஒரே நாளில், ஒரே மரத்தடியில், ஒரே தராசில் நிறுத்துக் கொடுத்தால் அப்படிச் சொல்ல அவருக்கும் கஷ்டம். அவருக்கும் அதில் இலாபம் உண்டு. 34 வாசலுக்கு லொறி திருப்ப வேண்டியதில்லை, டீசல் மிச்சம். அதை அவரிடம் எடுத்துச் சொல்லுங்கள்.

இன்னொரு வேலைக்குப் படித்த பிள்ளை ஒருவரைப் பிடியுங்கள். அறுவடைக் காலத்தில் கிழமைக்கு இரண்டு தடவை யாழ்ப்பாணத்திலும் கொழும்பு புறக்கோட்டையிலும் மொத்தக் கடைகளுக்குப் போன் எடுத்துக் கச்சான் விலை கேட்டு, ஒரு கொப்பியில் திகதியோடு எழுத வேண்டும். மாமாவுக்கு ஏல விலை இருக்கிறது. உங்களுக்கு அந்தக் கொப்பிதான் ஏல விலை. இரண்டு போகத்துக் கொப்பி கையில் இருந்தால் எந்த மாதம் விற்பது, எந்த மாதம் வைத்திருப்பது என்று நீங்களே சொல்வீர்கள்.

சரி, பதிவு. இதை ஏன் இவ்வளவு பின்னால் தள்ளினேன் என்று சொல்ல வேண்டும். மீள்குடியேற்றத்துக்குப் பிறகு வந்த வருடங்களில் நான் பதிந்து கொடுத்த ஒரு சங்கம் இருந்தது. ஒரு கட்டிட உதவி வந்தது. பதிவு இருந்தால்தான் தருவோம் என்றார்கள். மூன்று கிழமைக்குள் ஆள் சேர்த்து, யாப்பு (சங்க விதிகள்) எழுதி, தலைவர், செயலாளர், பொருளாளர் எல்லாம் போட்டு நானே முன்னின்று பதிந்தேன். கட்டிடம் வந்தது, பெயர்ப்பலகை வந்தது. சேர்ந்து செய்ய ஒரு வேலை அந்தச் சனத்திடம் இருக்கவில்லை. இரண்டாம் வருடம் கூட்டத்துக்கு ஆறு பேர். பிறகு யாரும் இல்லை. அந்தச் சனத்தை நான் குறை சொல்லமாட்டேன். வேலைக்கு முன் பலகையை நட்டது நான். அந்தக் கட்டிடத்தைக் கடக்கும்போது இன்றைக்கும் எனக்கு வலிக்கும். உங்கள் 34 குடும்பத்துக்கும் அது நடக்க வேண்டாம். ஒரு போகம் சேர்ந்து நிறுத்து, சேர்ந்து விதை வைத்துப் பாருங்கள். அதற்குப் பிறகும் சேர்ந்து நிற்கிற ஆட்களை வைத்துப் பதியுங்கள். 34 பேரில் 20 பேர் நின்றாலும் அது நல்ல சங்கம்.

பதிய இரண்டு வாசல் இருக்கிறது. ஒன்று கமக்கார அமைப்பு. 2000ஆம் ஆண்டின் 46ஆம் இலக்கக் கமநல அபிவிருத்திச் சட்டத்தின் கீழ் கமநல சேவை நிலையத்தில் பதிவது. உரம், மானியம், குளம், வாய்க்கால் எல்லாம் அந்த வழியால் வருவதால் அதைக் கைவிட வேண்டாம். அங்கே வயல்காரரின் பேச்சுத்தான் எடுபடுகிறது என்றால், மேட்டுப்பயிருக்கென்று ஒரு உபகுழு கேட்டு, கூட்ட அறிக்கையில் எழுத வையுங்கள். மற்றது கூட்டுறவுச் சங்கம், மாகாணக் கூட்டுறவு அபிவிருத்தித் திணைக்களத்தில். சேர்ந்து வாங்குவது, விற்பது, பங்குப் பணம் சேர்ப்பது, கடன் எடுப்பது என்றால் அதுதான் பொருத்தம். கணக்கைத் திணைக்களம் வருடாவருடம் ஆய்வு செய்யும். காசு போன அனுபவம் உள்ள ஊருக்கு இது முக்கியம். கம்பெனியாகப் பதியச் சொல்லியும் சிலர் வருவார்கள். செயலாளர், வருடாந்த அறிக்கை, அதற்கான செலவு என்று அது தனிச் சுமை. இப்போது உங்களுக்கு வேண்டாம்.

யாப்பு எழுதும்போது ஒரு வரியில் மட்டும் பிடிவாதமாக நில்லுங்கள். அங்கத்தவர் யார்? "காணிச் சொந்தக்காரர்" என்று எழுதினால் நீங்களே வெளியே நிற்பீர்கள், ஏனென்றால் அனுமதிப்பத்திரம் அம்மாவின் பேரில். குத்தகைக்குச் செய்கிறவர் வெளியே நிற்பார். உறுதி, பத்திரம் ஒன்றும் இல்லாமல் நாற்பது வருடம் அதே மண்ணில் இருக்கிற மலையகக் குடும்பங்களும் வெளியே நிற்கும். "பயிர் செய்கிறவர்" என்று எழுதுங்கள். வீட்டுக்கு ஒருவர் என்றில்லாமல், தோட்டத்தில் வேலை செய்கிற பெண்ணும் தன் பேரில் சேரலாம் என்றும் எழுதுங்கள். கச்சானைப் பிடுங்குவது, ஆய்வது, காயவைப்பது யார் என்று ஊருக்கே தெரியும். கூட்டத்தில் கை தூக்கும் உரிமையும் அவர்களுக்கு இருக்கட்டும்.

இவ்வளவும் உங்கள் வாசலில் செய்யக்கூடியவை. வாசலுக்கு வெளியே நடப்பவை சிலவும் உங்கள் விலையைத் தீர்மானிக்கின்றன. விசுவமடுவிலும் முத்தையன்கட்டிலும் 1970களில் செத்தல் மிளகாயும் வெங்காயமும் போட்டு வீடு கட்டியவர்களை நீங்கள் அறிவீர்கள். 1977க்குப் பிறகு இறக்குமதி திறந்துவிடப்பட்டபோது அந்த விலை விழுந்தது. மண்ணும் உழைப்பும் மாறவில்லை. கொழும்பில் எடுத்த ஒரு முடிவு மாறியது. இன்றைக்கும் பெரிய வெங்காயத்துக்கும் உருளைக்கிழங்குக்கும் இறக்குமதி வரியைக் கூட்டுவதும் குறைப்பதும் அறுவடைக் காலத்தில் பெரிய பேச்சாக இருக்கிறது. 2021இல் இரசாயன உர இறக்குமதியை ஒரே நாளில் நிறுத்தினார்கள். தெற்கில் தேயிலைக்காரரும் இங்கே நெற்காரரும் ஒரே காலத்தில் தெருவில் நின்றார்கள். அந்த வருட நவம்பரில் அரசு தடையை விலக்கியது. அந்த நேரத்தில் தேயிலைக்கென்று பேச ஆள் இருந்தது, நெல்லுக்கென்று பேச ஆள் இருந்தது. கச்சானுக்கென்று மாவட்ட விவசாயக் கூட்டத்தில் எழும்பிப் பேச யார் இருந்தார்? போகக் கூட்டத்தில் தண்ணீர் திறக்கிற திகதியைப் பற்றிப் பேசுவார்கள். மேட்டுக்காணிக்காரருக்கு அங்கே சொல்ல ஒன்றுமில்லை என்று நினைத்துவிடுகிறார்கள். யானை வேலி, பன்றி, குரங்கு, விதைக்கு நல்ல இனம், காப்புறுதி, அறுவடை மாதத்தில் இறக்குமதி. இவையெல்லாம் உங்கள் விடயங்கள். 34 வீட்டின் கையொப்பத்தோடு, இரண்டு போகத்து விலைக் கொப்பியையும் சிட்டைகளையும் மேசையில் வைத்துப் பேசினால் உத்தியோகத்தர் எழுதிக்கொள்ளத்தான் வேண்டும். அந்த மேசையின் மறுபக்கத்தில் இருந்தவன் என்ற வகையில் சொல்கிறேன்: சிட்டையோடு வருகிறவரை வெறும் பேச்சோடு வருகிறவரைப் போல அனுப்பிவிட முடியாது. பக்கத்து ஊர்களும் கச்சான் போடுகின்றன. அவர்களையும் பிறகு சேர்க்கலாம். இந்த வருடம் அல்ல.

கடைசியாக மாமா. கட்டாயம் கூப்பிடுங்கள். வந்து மேடையில் பேச வேண்டாம், அவருக்கும் அது கூச்சமாக இருக்கும். கடந்த ஒரு வருடத்துக் கொழுந்துச் சிட்டைகளைக் கையோடு கொண்டுவரச் சொல்லுங்கள். ஒவ்வொன்றிலும் எடை, கழிவு, விலை எழுதியிருக்கும். உங்கள் வீட்டுத் திண்ணையில் பாய் விரித்து அவற்றை மாதவாரியாக அடுக்கி வையுங்கள். 34 வீட்டிலிருந்தும் ஒருவர் வரட்டும். ஒவ்வொரு சிட்டையையும் எப்படி வாசிப்பது, எங்கே குறைந்ததைத் தான் கண்டுபிடித்தார், அன்றைக்குச் சங்கத்தில் யாரிடம் போய்ச் சொன்னார், அதற்கு என்ன பதில் வந்தது என்று மாமா சொல்லட்டும். பதில் வராத தடவைகளையும் மறைக்காமல் சொல்லச் சொல்லுங்கள். தை, மாசி அறுவடைக்கு முன் இந்தக் கூட்டத்தை வைத்துவிட்டால், வியாபாரியிடம் என்ன மாதிரிச் சிட்டை கேட்க வேண்டும் என்று எல்லாருக்கும் கையில் ஒரு மாதிரி இருக்கும். அறுவடை முடிந்ததும் எத்தனை வீடு விதை வைத்தது என்று எனக்கு எழுதுங்கள்.

அன்புடன்,
உங்கள் அண்ணன்